முப்பத்து மூன்றும் ரெட்டிப்பும்

என் வயதுக்காரர்களே, ஒன்று கேட்கிறேன், மழுப்பாமல் சொல்லுங்கள். உங்கள் நிஜ வயது என்ன? ரேஷன் அட்டையில் இருப்பதைக் கேட்கவில்லை. கல்யாணத்தின்போது சொன்னதையும் கேட்கவில்லை. நிஜ வயது. பாருங்கள், பாதிப் பேர் முழிக்கிறீர்கள், மீதிப் பேர் சிரிக்கிறீர்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எழுபது தாண்டியும் அந்த எரிச்சல் போகமாட்டேன் என்கிறது. ஒரு கணக்கைச் சரியாகப் போடத் தெரிந்தும் வேண்டுமென்றே தப்பாகப் போட்டு, அந்தத் தப்பையும் முழுசாகப் போடாமல் பாதியில் விட்டவள் நான். அதைச் சொல்லித் தீர்த்தால்தான் எனக்கு ஆறும்.

அப்போது நாங்கள் காளிகாட்டில் ஒரு சந்தில் குடியிருந்தோம். தலைநகரம் தில்லிக்குப் போயிருக்கவில்லை. அப்பாவுக்குச் சர்க்கார் ஆபீஸில் உத்தியோகம். காலையில் பஞ்சகச்சத்துக்கு மேல் கோட்டும் தலைப்பாகையுமாக டிராம் ஏறினால் விளக்கு வைக்கும் நேரத்துக்குத்தான் திரும்புவார். கீழ்க்கட்டு எங்களுக்கு, மேல்மாடி வீட்டுக்கார வங்காளி அம்மாளுக்கு. சித்தி, பெரியம்மா மாதிரி மாஷிமா என்று கூப்பிடுவோம். மாஷிமா மீன் பொரிக்க ஆரம்பித்ததும் கடுகெண்ணெய் நெடி படியிறங்கி எங்கள் சமையலறைக்கு வந்துவிடும். அம்மா உடனே சாம்பிராணி போடுவாள். இரண்டும் கலந்து வருகிற அந்தப் புகைதான் எனக்குக் கல்கத்தா. இன்றைக்கும் எங்கேயாவது சாம்பிராணி போட்டால் என் மூக்கு மீனைத் தேடுகிறது. வெளியில் சொன்னால் அடிக்க வருவார்கள்.

நான் பள்ளிக்கூடம் போனேன். அந்தக் காலத்தில் நம்மவர்களில் பெண்ணைப் பள்ளிக்கு அனுப்புகிறவர்கள் வெகு சொற்பம். அப்பா அனுப்பினார். அதற்காக அவருக்குப் புண்ணியம் உண்டு, பாக்கியை அப்புறம் பேசுகிறேன். பெண்களை அழைத்துப் போக ஒரு குதிரை வண்டி வரும். நான்கு பக்கமும் மரச் சட்டம் அடைத்த பெட்டி வண்டி. உள்ளே வங்காளிப் பெண்கள் ஒருத்தி மடியில் ஒருத்தியாக நெருக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். தேங்காயெண்ணெயும் குதிரைச் சாணியும் ஈரப் புத்தகமுமாக ஒரு வாசனை. சந்து முனையில் வண்டி நின்றதும் ஆயா இறங்கி வந்து எங்கள் வாசலில் நின்று, "காடி எஷேச்சே கோ!" என்று கத்துவாள். வண்டி வந்தாச்சு என்று அர்த்தம். அந்தக் குரலைக் கேட்டதும் தட்டில் சாதம் பாதி இருந்தாலும் எழுந்துவிடுவேன்.

அந்தப் பள்ளியில் என் வகுப்பு வரைக்கும் வெறும் கூட்டல் கழித்தல், பின்னம், வட்டிக் கணக்கு. அடுத்த வகுப்பில்தான் அல்ஜீப்ரா. துர்கா பூஜை லீவு முடிந்து திறந்ததும் பரீட்சை. அதில் தேறினால் மேல் வகுப்பு. அப்பா வாக்குக் கொடுத்திருந்தார். "நீ தேறு, நான் அனுப்பறேன்" என்றார். எனக்கு வேறு ஒன்றும் வேண்டியிருக்கவில்லை. வளையல் வேண்டாம், பாவாடை வேண்டாம். அந்த வண்டி இன்னும் ஒரு வருஷம் எங்கள் சந்துக்கு வரவேண்டும், அவ்வளவுதான்.

அல்ஜீப்ராவின் மேல் எனக்கு ஏன் இத்தனை ஆசை என்றால் அண்ணாவால். அண்ணா என்னைவிட இரண்டு வயது மூத்தவன். அவனுக்கு அது சுட்டுப் போட்டாலும் வராது. பள்ளியில் வாத்தியார் சொன்னதை அப்படியே வீட்டுக்குக் கொண்டுவந்து என் தலையில் கட்டுவான். நான் போட்டுக் கொடுப்பேன், அவன் நகலெடுத்துக்கொண்டு போவான். ஆனால் விளக்கும்போது மட்டும் ஏதோ தானே கண்டுபிடித்த மாதிரி விளக்குவான்.

"இங்க பாருடி. எக்ஸ்னு ஒருத்தன், ஒய்னு ஒருத்தன். ரெண்டு பேரும் யாருன்னு தெரியாது. ஆனா அவாளைப் பத்தி ரெண்டு சேதி தெரியும்."

"ஒரே ஒரு சேதி தெரிஞ்சா?"

"போறாது. எத்தனையோ விடை வரும், எது நிஜம்னு சொல்ல முடியாது. ரெண்டு பேர்னா ரெண்டு சேதி வேணும்."

எனக்கு முதலில் மண்டையில் ஏறவில்லை. சிலேட்டைத் தூக்கிப் போட்டேன், அதன் மரச் சட்டத்தில் ஒரு மூலை பிளந்தது. அண்ணாவுக்கும் கோபம். அந்த நேரம் சந்தில் மேளச் சத்தம் கேட்டது. கோயிலுக்கு நேர்த்திக்கடன் ஆட்டோடு கூட்டம் வருகிறதென்றால் அம்மா ஓடிவந்து ஜன்னலைச் சாத்திவிடுவாள். அன்றைக்கும் சாத்தினாள். அண்ணா வாசலுக்கு ஓடி, அங்கிருந்தே கத்தினான்.

"ஏய்! மனுஷாளும் ஆடுமாத் தலை பத்து. கால் இருபத்தாறு. ஆடு எத்தனை, சொல்லு!"

மனிதர் எக்ஸ், ஆடு ஒய். இரண்டும் சேர்ந்து பத்து என்று ஒரு வரி. மனிதருக்கு இரண்டு கால், ஆட்டுக்கு நாலு கால், எல்லாம் சேர்ந்து இருபத்தாறு என்று அடுத்த வரி. முதல் வரியை இரட்டித்தால் இருபது. அதை அடுத்ததிலிருந்து கழித்தேன். மனிதர்கள் எல்லாரும் காணாமல் போய், இரண்டு ஒய் ஆறு என்று நின்றது. "மூணு ஆடு!" என்று கத்தினேன். ஜன்னலை ஒரு விரல் அகலம் திறந்து பார்த்தேன். மூன்று ஆடு, கழுத்தில் செம்பருத்தி மாலையோடு போய்க்கொண்டிருந்தன. எனக்குப் புல்லரித்துவிட்டது. சாத்தின ஜன்னலுக்கு வெளியே இருப்பதை உள்ளே உட்கார்ந்தபடி சொல்ல முடிகிறதே! அவை திரும்பி வராது என்பதை நினைத்து அழுகை வந்தது அப்புறம்தான்.

அதற்குப் பிறகு என்னைப் பிடிக்க முடியவில்லை. கரியால் கொல்லைச் சுவரில் போட்டேன். அம்மா கோலம் போட வைத்திருந்த மாவில் போட்டு முதுகில் வாங்கினேன். அண்ணாவின் புத்தகத்தில் இருந்த கணக்கெல்லாம் தீர்ந்துபோய், நானே இட்டுக்கட்டிப் போட்டேன். விடை வந்ததும் இரண்டு வரியிலும் வைத்துச் சரிபார்க்க வேண்டும். ஒன்றில் பொருந்தி ஒன்றில் பொருந்தாவிட்டால் எங்கோ தப்பு. அந்தச் சரிபார்ப்புதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. அதில் யாரும் ஏமாற்ற முடியாது என்று நினைத்தேன். அசடு!

மழை விட்டு, மாஷிமா வீட்டில் பூஜைக்குப் புதுப் புடவை எடுக்க ஆரம்பித்திருந்தார்கள். ஒரு நாள் மத்தியானம் அம்மா என்னைக் கூப்பிட்டுத் தலையைப் பின்னிக்கொண்டே சொன்னாள்.

"உனக்கு என்ன வயசுன்னு யாராவது கேட்டா, பதினொண்ணுன்னு சொல்லணும்."

"பதிமூணுன்னா ஆறது?"

"பதிமூணுன்னு சொன்னா ஊர் சிரிக்கும். இத்தனை நாள் பொண்ணை ஆத்துல வெச்சுண்டு என்ன பண்ணிண்டிருந்தேள்னு கேப்பா."

"பொய் சொன்னாத் தப்புன்னு நீதானேம்மா சொன்னே?"

"இது பொய் இல்லேடி, வழக்கம். வாயை மூடிண்டு இரு."

நம் வீடுகளில் எல்லாம் நடந்ததுதான், உங்களுக்குத் தெரியாததா? ஜாதகம் புதிதாக எழுதப்பட்டது. நட்சத்திரம் மாறவில்லை, வருஷம் மட்டும் மாறிற்று. எனக்கு இரண்டு வயது குறைந்ததும் அண்ணாவையும் சும்மா விட முடியவில்லை, ஏனென்றால் அவனுக்கும் எனக்கும் இருக்கிற வித்தியாசம் ஊருக்கே தெரியும். பதினைந்து வயது அண்ணா ஒரே மத்தியானத்தில் பதின்மூன்றானான். மீசை அரும்புகிற சமயம். "நான் என்னடி பண்ணினேன்?" என்று என்னிடம் வந்து சண்டை போட்டான். என்னவோ நான்தான் அவன் வயதை எடுத்து ஒளித்து வைத்துக்கொண்ட மாதிரி.

அப்போதுதான் விஷயம் வெளியே வந்தது. மாப்பிள்ளை கல்கத்தாவிலேயே ஒரு வெள்ளைக்காரக் கம்பெனியில் வேலையாம். வயது இருபத்திரண்டாம். காளி தரிசனத்துக்கு வருகிற சாக்கில் அவருடைய மாமாவும் அக்காவும் பெண் பார்க்க வருகிறார்களாம். நான் அப்பாவிடம் போனேன்.

"அப்பா, பரீட்சை தேறினா அனுப்பறேன்னேளே?"

அவர் தலைப்பாகையைக் கழற்றிக்கொண்டிருந்தார். "நல்ல இடம்மா" என்றார். கேட்டதற்கு அது பதிலில்லை. இன்னும் இரண்டு தரம் கேட்டேன். அதே பதில்தான். ஆபீஸில் பேப்பர் பேப்பராகத் தப்புக் கண்டுபிடிக்கிற மனுஷன், வீட்டில் ஒரு கேள்விக்கு நேராகப் பதில் சொல்லக்கூடாதா?

சரி, இவர்களாக நிறுத்தமாட்டார்கள், வருகிறவர்கள் வேண்டாமென்று சொல்லிவிட்டுப் போனால் போதும் என்று முடிவு கட்டினேன். எனக்குப் பாட்டு வராது. என் குரல் அப்படி. அதுவே காப்பாற்றும் என்று தெம்பாக இருந்தேன்.

வந்தார்கள். மாமா நல்ல பருமன், பொடி போட்ட விரலைத் தோளில் கிடந்த அங்கவஸ்திரத்தில் துடைத்துக்கொண்டே இருந்தார். அக்காவுக்கு மூக்கில் வைரம், வாயில் புகார். கல்கத்தா தண்ணீர் ஆகவில்லை, கல்கத்தா பால் ஆகவில்லை. மாஷிமா ஆசையாகச் சந்தேஷ் இனிப்புக் கொடுத்தனுப்பியிருந்தாள். "திரிஞ்ச பால்ல பண்ணினதை எப்படித் தின்றேள்?" என்று அக்கா அதை நகர்த்தி வைத்தாள். நான் நமஸ்காரம் பண்ணினேன்.

"பாடுவாளோ?" என்றாள் அக்கா.

நான் மனதுக்குள் குதித்தேன். அம்மா கதவுக்குப் பின்னால் பெருமூச்சு விட்டாள். அப்பா தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"பாட்டு வராது. கணக்கு வரும். அல்ஜீப்ரா போடுவா."

என்ன சொல்ல! ஜன்மத்தில் ஒரு நாள் பெண்ணை மெச்ச வேண்டுமென்று அவருக்குத் தோன்றியதே, அதுவும் அன்றைக்கா தோன்ற வேண்டும்? மாமாவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. அவர் கணக்கு இலாகாக்காரர்.

"அல்ஜீப்ராவா! பொம்மனாட்டிக் குழந்தையா! கொண்டா சிலேட்டை."

அண்ணா மூலை பிளந்த சிலேட்டைக் கொண்டுவந்து கொடுத்தான். மாமா சிறிது யோசித்தார். தானே மெச்சிக்கொண்டு சொன்னார்.

"பையன் வயசையும் உன் வயசையும் கூட்டினா முப்பத்து மூணு. அது ஒண்ணு. பையன் வயசு உன் வயசுக்கு ரெட்டிப்பு. அது ரெண்டு. அவனுக்கு என்ன வயசு, உனக்கு என்ன வயசு? போடு பார்ப்போம்."

பலப்பத்தைத் தொடுவதற்கு முன்பே விடை தெரிந்துவிட்டது. எனக்குப் பதினொன்று, பையனுக்கு இருபத்திரண்டு. கூட்டினால் முப்பத்து மூன்று, இரட்டித்தாலும் சரி. இரண்டு வரியிலும் அழகாகப் பொருந்துகிறது. என் காது இரண்டும் சூடாகிவிட்டது. எந்தத் தப்பும் இல்லாத கணக்கு, சரிபார்த்தாலும் சரியாக வருகிற கணக்கு, விடை மட்டும் பச்சைப் பொய். அதை நானே என் கையால் எழுதிக்கொடுக்க வேண்டும், எல்லாரும் தலையாட்ட வேண்டும்!

மாட்டேன் என்று தீர்மானித்தேன். தப்பாகப் போடுவேன். மண்டு என்று நினைத்துக்கொண்டு எழுந்து போகட்டும். தப்பு என்றால் எதை எழுதுவது? இருந்த கோபத்தில், எனக்கு நேராகப் பதிமூன்று என்று பெரிதாக எழுதினேன். அடுத்தது அவருடையது. முப்பத்து மூன்றில் பதிமூன்று போனால் இருபது. பதிமூன்றை இரட்டித்தால் இருபத்தாறு. பலப்பம் ஒரு கணம் அப்படியே நின்றது. ஒரு வரிக்கு இருபது, ஒரு வரிக்கு இருபத்தாறு. எதை எழுதினாலும் தப்புத்தான். இருபது என்று எழுதிச் சிலேட்டை நீட்டினேன்.

அப்பாவின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். பதிமூன்றைப் பார்த்தவர் என்னைப் பார்க்கவே இல்லை. மாமா மூக்குக் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டார்.

"கூட்டினாச் சரியா வரது. ரெட்டிப்பு வரலையே, குழந்தே?"

"நான் போட்டதுதான் சரி. பதிமூணுதான்" என்றேன்.

கதவுக்குப் பின்னால் அம்மா இருமினாள். அப்பா அவசரமாக, "பதட்டம். புது மனுஷாளைப் பாத்தா அவளுக்குக் கையும் ஓடாது காலும் ஓடாது" என்றார். மாமா கடகடவென்று சிரித்தார். அங்கவஸ்திர நுனியால் என் பதிமூன்றை ஒரே துடைப்பில் துடைத்தார். அந்த இடத்தில் எக்ஸ், ஒய் எல்லாம் போட்டு, வரி வரியாக விளக்கி, பதினொன்று, இருபத்திரண்டு என்று எழுதிக் கீழே கோடு கிழித்தார். "புரிஞ்சுதோ? இனிமே அவசரப்படக் கூடாது" என்று என் தலையில் தட்டினார். எனக்கு! அண்ணாவுக்கு ஒரு வருஷக் கணக்கைப் போட்டுக் கொடுத்தவளுக்கு! அந்தக் கூடத்தில் அன்றைக்கு எழுதப்பட்ட ஒரே நிஜம் அந்தப் பதிமூன்றுதான், அதற்குத்தான் தப்பு என்று பெயர்.

இப்போது எழுந்து போவார்கள் என்று காத்திருந்தேன். அக்கா முதன்முறையாகச் சிரித்தாள்.

"நல்ல வேளை. அல்ஜீப்ரான்னதும் பயந்தே போயிட்டேன். கணக்குப் புலியா வந்து நின்னா நம்மாத்துல யார் சமாளிக்கறது? அசட்டுக் குழந்தை, எனக்குப் பிடிச்சிருக்கு."

அதோடு முடிந்தது. வெற்றிலை பாக்கு மாற்றிக்கொண்டார்கள். நகர்த்தி வைத்த சந்தேஷைக்கூட மாமா எடுத்துத் தின்றுவிட்டார். சரியாகப் போட்டிருந்தால் ஒருவேளை அந்த அக்கா பயந்து ஓடியிருப்பாள்! தப்பாகப் போட்டுக் கல்யாணத்தை வாங்கிக்கொண்டேன். அன்று சாயங்காலம் அம்மா என்னோடு பேசவில்லை, வந்தவர்களுக்கு முன்னால் மானத்தை வாங்கினேனாம். அண்ணா மட்டும் கொல்லைக்கு வந்தான்.

"ஏண்டி தப்பாப் போட்டே?"

"வேணும்னுதான்."

"அப்ப முழுசாத் தப்பாப் போட்டிருக்கணும். பாதி சரியாப் போட்டு வெச்சிருக்கே. கூட்டல் சரியா வந்துதே, அதான் பதட்டம்னு விட்டுட்டா."

அவனுக்கு அல்ஜீப்ரா வராது என்று சொன்னேன் அல்லவா, அன்றைக்கு மட்டும் வந்தது.

பூஜை லீவு முடிந்தது. பள்ளி திறந்த அன்று சந்து முனையில் வண்டிச் சத்தம் கேட்டது. ஆயா வாசலுக்கு வந்து, "காடி எஷேச்சே கோ!" என்றாள். அம்மா ஜன்னலைச் சாத்தினாள். ஆயா இன்னொரு தரம் கூப்பிட்டாள். மேல்மாடியிலிருந்து மாஷிமா வங்காளத்தில், "அந்தப் பெண் இனி வராது, கல்யாணம்" என்று சொல்வது கேட்டது. சக்கரம் உருண்டு போகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சாத்தின ஜன்னலுக்கு வெளியே என்ன நடக்கிறது என்று தெரிந்துகொள்ள அன்றைக்கு எனக்குக் கணக்கு வேண்டியிருக்கவில்லை.

அப்புறம் கல்யாணம், குடித்தனம், பிள்ளைகள். தலைநகரத்தோடு அப்பா தில்லிக்குப் போனார். அண்ணாவும் சர்க்கார் உத்தியோகத்துக்குப் போனான். அன்றைக்குக் குறைத்த இரண்டு வயது, ரிடையராகிற நாள் தள்ளிப்போய், அவனுக்கு இரண்டு வருஷம் கூடுதல் சம்பளமாகத் திரும்பி வந்தது. எனக்குக் குறைத்த இரண்டு எங்கே போயிற்று? யாராவது சொல்லுங்களேன்.

என் வீட்டுக்காரர் தங்கமான மனுஷர், அதையும் சொல்லிவிடுகிறேன். அவருடைய அறுபதாம் கல்யாணத்தைப் பிள்ளைகள் கல்கத்தாவில் எங்கள் டாலிகஞ்ச் வீட்டு மாடியில் பந்தல் போட்டு நடத்தினார்கள். குடம் குடமாகத் தலையில் தண்ணீர் கொட்டினார்கள். இருவரும் சொட்டச் சொட்ட அறைக்குள் வந்தோம். அவர் கதவைச் சாத்திவிட்டு, திருடனைப் போல மெதுவாகச் சொன்னார்.

"ஒண்ணு சொல்றேன், கோச்சுக்காதே. எனக்கு அறுபது முடிஞ்சு நாலு வருஷம் ஆச்சு. அக்காதான் அப்போ நாலைக் குறைச்சுச் சொல்லிட்டா."

நான் புடவைத் தலைப்பைப் பிழிந்துகொண்டிருந்தேன். "எனக்கும் ரெண்டு கூட" என்றேன்.

"அடி பாவி!" என்று சிரித்தார். சிரித்துக்கொண்டே இருந்தவர், "அப்ப அன்னிக்கு எனக்கு இருபத்தாறு. உனக்கு என்ன, பதிமூணா? அட, ரெட்டிப்பு! மாமா சொன்னது சரியாத்தான் இருக்கு!" என்றார்.

ஈரப் புடவையோடு கட்டிலில் உட்கார்ந்துவிட்டேன். இரு தரப்பும் தனித்தனியே புளுகியிருக்கிறார்கள். முப்பத்து மூன்று பொய். ரெட்டிப்பு மட்டும் இரண்டு புளுகிலும் அடிபடாமல், யாருக்கும் தெரியாமல், நிஜமாகவே நின்றிருக்கிறது. இருபத்தாறு என் கையில் வந்தது. பலப்பம் நின்றதே ஒரு கணம், அப்போது அதுதான் நுனியில் இருந்தது. எழுதாமல் ஏன் தள்ளினேன் தெரியுமா? இருபத்தாறு வயதில் கல்யாணமாகாத ஆண்பிள்ளையை நான் பார்த்ததே இல்லை. இத்தனை கிழவனாக எவனாவது இருப்பானா என்று நினைத்தேன்.

பதிமூன்றுக்குப் பக்கத்தில் இருபத்தாறு என்று எழுதி நீட்டியிருந்தால் அந்த மாமா சிரித்திருப்பாரா? இரண்டு வீட்டுப் பொய்யும் ஒரே சிலேட்டில்! யாரோ விஷயத்தைச் சொல்லிக்கொடுத்துவிட்டார்கள் என்று அந்த அக்கா அப்போதே எழுந்து போயிருப்பாள். வேறு வரன் வந்திருக்கும், எனக்குத் தெரியாதா? ஆனால் அதற்கு ஒரு வருஷமாவது ஆகியிருக்கும்.

சிலேட்டில் இருபத்தாறை எழுதாமல் விட்டதை அவரிடம் சொன்னேன். "எழுதியிருந்தா நான் உனக்குக் கிடைச்சிருக்க மாட்டேன்" என்றார் அவர், துண்டால் தலையைத் துவட்டிக்கொண்டே. "வருத்தமா?"

"நன்னாத் துவட்டிக்கோங்கோ, சளி பிடிக்கும்" என்றேன். அவர் நல்லவர், அவரிடம் வேறு என்ன சொல்வது? பூஜை லீவு முடிந்து அந்த வண்டி எனக்காக நின்றிருக்கும்.